மேல் எண்ணுக்கும் கீழ் எண்ணுக்கும் நடுவில்

ஆஸ்பத்திரி வார்டுகளில் உதவியாளர்களாகப் புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்களிடம் முதலில் என் படிப்பைச் சொல்லிவிடுகிறேன். எட்டாம் வகுப்பு, அதிலும் பாதி. பிறகு ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டில் காய்கறி லாரிக்குக் கிளீனர், திருப்பூரில் சாயப்பட்டறை, திண்டுக்கல்லில் தோல் பதனிடும் ஷாப்பு, கொஞ்ச காலம் மலையாளத்துப் பக்கம் ரப்பர் தோட்டம். எதிலும் கால் தரிக்கவில்லை. திரும்பவும் லாரிக்கு வந்தேன். லோடு மேலிருந்து விழுந்து கால் முறிந்தது. திண்டுக்கல் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருந்த ஒரு சின்ன ஆஸ்பத்திரியில் கொண்டுவந்து போட்டார்கள். கட்டுப் பிரிக்கும்போது என் லாரி வேறொரு கிளீனரோடு போய்விட்டிருந்தது. ஆஸ்பத்திரியில் ஸ்ட்ரெச்சர் தள்ள ஆள் இல்லை. தள்ளினேன். முழங்கால் ஓய்வு கொடுக்கும்வரை அங்கேயே இருந்துவிட்டேன்.

ஊசி எப்படிப் போடுவது, கட்டு எப்படிக் கட்டுவது என்பதெல்லாம் உங்களுக்கு வகுப்பில் சொல்லிக்கொடுத்திருப்பார்கள். நான் சொல்ல வந்தது பிரஷரைப் பற்றி. பிரஷருக்கு மேலே ஒரு எண், கீழே ஒரு எண். கேட்பவர்கள் எல்லோரும் மேல் எண்ணைத்தான் கேட்பார்கள். சொல்பவர்களும் அதைத்தான் சொல்வார்கள். இரண்டுக்கும் நடுவில் இருக்கும் இடைவெளியை யாரும் கேட்பதில்லை. எங்கள் வார்டில் ஒருவர் கேட்டார்.

அவர் பழநிப் பக்கத்துக்காரர். எங்களுக்குப் பெரிய சிஸ்டர். 'பெரிய' என்பது பதவிதான். வயதில் என்னைவிடப் பத்துப் பன்னிரண்டு சின்னவர். பெயரைப் போட்டால் கோபித்துக்கொள்வார், அதனால் விட்டுவிடுகிறேன். அவர் எங்கள் வார்டுக்கு வந்த புதிதில் ஒருநாள் என்னை நிறுத்தினார்.

"அண்ணா, நாலாம் பெட்டு பிரஷர் எவ்வளவுங்க?"

"நூத்திப்பத்து சிஸ்டர்."

"நூத்திப்பத்துக்குக் கீழ?"

"கீழ... கை புடிச்சுப் பாத்தேன் சிஸ்டர்."

"அப்ப பாதி வேலைதானுங்க பண்ணியிருக்கீங்க. மீதியையும் பண்ணிட்டு வந்து சொல்லுங்க."

கை பிடித்துப் பார்ப்பது என்றால் என்னவென்று உங்களில் சிலருக்குத் தெரிந்திருக்காது. கையில் பட்டையைக் கட்டிக் காற்றடித்து, மணிக்கட்டில் விரலை வைத்துக்கொண்டு மெல்லக் காற்றை விடுவோம். நாடி எந்த எண்ணில் திரும்பத் தட்டுகிறதோ அதுதான் மேல் எண். ஸ்டெதஸ்கோப் வேண்டாம், சத்தம் தொந்தரவு இல்லை, கூட்ட நேரத்தில் சட்டென்று முடியும். ஆனால் கீழ் எண் அதில் வராது. கீழ் எண் வேண்டுமென்றால் முழங்கை மடிப்பில் ஸ்டெதஸ்கோப்பை வைத்துச் சத்தம் எங்கே தொடங்குகிறது, எங்கே அடங்குகிறது என்று கேட்க வேண்டும். எங்களுக்கு அந்தப் பொறுமை கிடையாது. என்னோடு வேலை பார்த்த செல்வம், "வாராக நம்ம கீழ் நம்பர் சிஸ்டர்" என்று முணுமுணுத்துவிட்டுத்தான் ஸ்டெதஸ்கோப்பைத் தேடுவான்.

ஒருநாள் டீ குடிக்கும்போது நானே கேட்டேன். "அந்தக் கீழ் நம்பர்ல அப்படி என்ன சிஸ்டர் இருக்கு?"

"மேல இருக்கறது இதயம் தள்ளும்போது இருக்கற அழுத்தமுங்க. கீழ இருக்கறது அது ஓயும்போது குழாய்ல மிச்சம் நிக்கறது. ரெண்டுக்கும் நடுவுல இருக்கற வித்தியாசத்தப் பாத்தா, ஒவ்வொரு தள்ளலுக்கும் ரத்தம் நல்லாப் போகுதா இல்லையான்னு ஒரு மாதிரி தெரியும். சாதாரணமா நாப்பது பக்கம் இருக்கும். டெங்குக் காய்ச்சல்ல ரத்தத்துல இருக்கற தண்ணி குழாய விட்டுக் கசிஞ்சு போயிருமுங்க. உடம்பு சும்மா இருக்குமா? இருக்கற ரத்தத்த வெச்சுச் சமாளிக்கக் குழாயையெல்லாம் இறுக்கிப் புடிச்சுக்கும். மேல் நம்பர் அப்படியே நிக்கும். கீழ் நம்பர் ஏறிட்டே வரும். நடுவுல இடைவெளி சுருங்கும். மேல் நம்பர் விழறப்ப நாம போய் நின்னா, நேரம் கடந்துபோச்சுன்னு அர்த்தம்."

எனக்குச் சட்டென்று பிடிபட்டது. "இது லோடு கட்டுற கதையால்ல இருக்கு சிஸ்டர்! வழியில நாலு மூட்டை முட்டைக்கோஸ் உருண்டு போச்சுன்னா, கயித்த இன்னும் இழுத்து இறுக்கிக் கட்டிருவோம். பின்னாடியிருந்து பாத்தா லோடு குறைஞ்ச மாதிரியே தெரியாது. வளைவுல திரும்புறப்பத்தான் வண்டவாளம் தெரியும்."

"இப்படித் திருட்டுத்தனம் பண்ணித்தான் உங்களுக்கு வைத்தியம் புரியணுமாங்கண்ணா?" என்று சிரித்தார். அப்போது நானும் சிரித்தேன். புரிந்த விஷயம் வேளைக்கு ஞாபகம் வருமா என்பது வேறு கணக்கு.

சில வருடங்களுக்கு முன் ஒரு மழைக்காலம். காய்ச்சல் வார்டில் படுக்கை காலியாகும் முன்பே அதற்கு ஆள் உட்கார்ந்திருப்பார்கள். தோல் வியாபாரி ஜபருல்லா பாயின் மகள் சமீமா எங்களிடம் டெங்குக் காய்ச்சலோடு இருந்தாள். கல்லூரியில் படிக்கிற பெண், வாய் கொஞ்சம் நீளம். அவள் அத்தா குரலை உயர்த்தினால் தோல் மண்டியே அடங்கும் என்பார்கள். அவரையே அவள் படுக்கையிலிருந்து மிரட்டிக்கொண்டிருப்பாள்.

அன்று விடிந்தபோது அவள் காய்ச்சல் விட்டிருந்தது. பாய்க்கு முகம் மலர்ந்துவிட்டது. டெங்கு என்றால் எல்லோரும் பிளேட்லெட் எண்ணிக்கையைத்தான் கேட்பார்கள். முந்தின நாள் பார்த்ததில் அதுவும் மோசமில்லை. டாக்டர் காலையில் சுற்றி வந்தபோது, "பிரஷரைப் பார்த்துட்டு, சரியா இருந்தா மேற்கொண்டு சொல்றேன்" என்று சொல்லிவிட்டு ஆபரேஷன் தியேட்டருக்குப் போனார். பாய் காதில் 'சரி' என்ற சொல் மட்டும் விழுந்திருக்க வேண்டும். கார் வந்துவிட்டது. சமீமாவின் அம்மா பையைக் கட்டிவிட்டு வீட்டுக்குப் போன் போட்டுச் சொல்லிக்கொண்டிருந்தார்: "பெரிய அண்டாவுல தண்ணி வையி. நொச்சித்தழை கொஞ்சம் கூடப் போடு. வந்ததும் புள்ளைக்குத் தலைக்கு ஊத்திரலாம்."

இது நம் ஊரில் எல்லா வீட்டிலும் உள்ள வழக்கம்தான். காய்ச்சல் விட்டால் தலைக்கு வெந்நீர் ஊற்றினால்தான் நோய் முழுசாய் இறங்கியதாக மனசு ஒப்பும். என் வீட்டிலும் அப்படித்தான்.

கன்னிவாடியிலிருந்து வந்த ஒருவர் காய்ச்சலில் துவண்ட மனைவியை வராந்தா பெஞ்சில் சாய்த்து வைத்திருந்தார். சமீமா எழுந்திருக்கும் முன்பே தன் தூக்குவாளியைக் கொண்டுவந்து அவள் கட்டில் காலடியில் வைத்துவிட்டார். "அண்ணே, இவுக எந்திரிச்சிருவாகல்ல?" என்று நான் போகும்போதும் வரும்போதும் கேட்டார். அவரைக் குறை சொல்ல முடியாது. அவர் மனைவிக்கும் படுக்கை வேண்டும்.

நான் பிரஷர் பார்க்கப் போனேன். எங்களுக்கு அப்போது மெஷின் வந்திருந்தது. பட்டையைக் கட்டிப் பொத்தானை அமுக்கினேன். மெஷின் ஊதியது, இறங்கியது, மறுபடி ஊதியது. எண்ணுக்குப் பதிலாகப் பிழை என்று காட்டியது. கையை மாற்றினேன். மறுபடி பிழை.

"பேட்டரி போயிருச்சுண்ணே" என்றான் செல்வம்.

"என் கைதான் பட்டிக்காட்டுக் கையின்னு மெசினுக்குத் தெரிஞ்சு போச்சோ?" என்றாள் சமீமா. சொல்லிவிட்டுச் சிரிக்கவில்லை. முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

பேட்டரியைச் சோதிக்க, பாயின் கையிலேயே கட்டினேன். மெஷின் ஒழுங்காக ஓடி நூற்றி எழுபது, கீழே எண்பது என்று காட்டியது.

"பாய், புள்ளைய விட்டுட்டு உங்களுக்குத்தான் பெட்டு போடணும் போல" என்றான் செல்வம்.

"ஏலே, எனக்கு ஏறுனதே உங்க ஆஸ்பத்திரிச் சாப்பாட்டாலதாண்டா" என்றார் பாய். வார்டே சிரித்தது. நானும் சிரித்தேன். சிரிப்பு அடங்குவதற்குள் ஒன்று உறைத்தது. பாய் கையில் ஓடுகிற மெஷினுக்குப் பேட்டரியில் கோளாறு இல்லை.

சமீமாவின் மணிக்கட்டைப் பிடித்துப் பார்த்தேன். நாடி நூல் மாதிரி, வேகமாக. மேல் எண் நூறு வந்தது.

"நூறு இருக்குல்ல, விடுண்ணே. வண்டி நிக்குது" என்றான் செல்வம்.

நூறு நல்ல எண்தான். அந்த வயசுப் பெண்ணுக்கு ஒரு குறையும் சொல்ல முடியாத எண். வேறு நாளாக இருந்தால் அதோடு நகர்ந்திருப்பேன். ஆனால் நான் பிடித்திருந்த கை ஜில்லென்று இருந்தது. உள்ளங்கையில் ஈரம்.

"காய்ச்சல் விட்டா ஜில்லுன்னுதானேப்பா இருக்கும்?" என்றார் அவள் அம்மா. "ராவெல்லாம் அனலாக் கெடந்த புள்ள. இப்பத்தான் குளுந்திருக்கு."

அவர் சொன்னதும் நியாயமாகத்தான் பட்டது. மேல் எண் இருக்கிறது, காய்ச்சல் இல்லை, பிளேட்லெட் இருக்கிறது. எல்லாம் சரி என்று எல்லோரும் சொல்லும்போது ஒரு எண் மட்டும் தெரியவில்லை. பின்னாலிருந்து பார்த்தால் லோடு அப்படியே நிற்கும் என்று நானே சொன்னது அப்போதுதான் ஞாபகம் வந்தது.

ஸ்டெதஸ்கோப்பை எடுத்தேன். வார்டில் சந்தைக்கடைச் சத்தம். லாரி இன்ஜின் பக்கத்திலேயே வருடக்கணக்கில் உட்கார்ந்திருந்த காது எனக்கு. அதை நம்புவதா என்ற சந்தேகம் எப்போதும் உண்டு. காற்றை மெல்ல விட்டேன். நூறில் சத்தம் தொடங்கியது. காதைத் தீட்டிக்கொண்டு எழுபதுக்காகக் காத்திருந்தேன். எண்பத்தாறில் அடங்கிவிட்டது. எனக்குத்தான் கேட்கவில்லையோ என்று மறுபடி பார்த்தேன். அதே கதை. முந்தின நாள் சாயங்காலம் அவளுக்கு நானே பார்த்தபோது இடைவெளி நாற்பது இருந்தது. இப்போது பதினாலு.

"பாய், பெரிய சிஸ்டர் வந்து ஒரு தடவை பாக்கட்டும். செத்த நேரம் இருங்க."

"என்னப்பா இது? டாக்டரு சரின்னுட்டாரு. நீ என்ன புதுசா?"

"கீழ் நம்பர் ஏறியிருக்கு பாய். சிஸ்டர் வந்து சொல்லட்டும்."

"ஏறியிருந்தா நல்லதுதானேப்பா? இறங்குனாத்தானே பயம்?" குரல் உயர்ந்தது. "வந்தவுகளப் புடிச்சு வைக்கிறதுதான் ஒங்க தொழிலா?"

"அத்தா, போலாம்த்தா. இங்க ஒரே நாத்தம். எனக்கு வயித்த வலிக்குது" என்றாள் சமீமா. அவள் காலை ஒரு இடத்தில் வைக்காமல் உதறிக்கொண்டே இருந்தாள். பாய் கட்டிலோரம் நின்ற வீல்சேரை இழுத்தார். நான் அதன் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டேன். வராந்தாவிலிருந்து கன்னிவாடிக்காரர் எட்டிப் பார்த்து, "அப்ப எந்திரிக்கலையாண்ணே?" என்றார்.  என் காதில் விழுந்தது தப்பாக இருந்தால், வார்டு முழுக்கப் பார்க்க ஒரு பாவப்பட்ட பெண்ணை வீட்டுக்குப் போகவிடாமல் நிறுத்திய கோமாளி நான்தான். சரியாக இருந்தால் இந்தப் பெண் பாதி வழியிலேயே சாய்ந்துவிடுவாள்.

உங்களுக்கு நான் சொல்லிக்கொடுக்கக்கூடியது இந்த ஒரு இடம்தான். இப்படி நிற்கும்போது முடிவெடுப்பது நம் வேலை அல்ல. முடிவெடுக்கத் தெரிந்தவர் வருகிறவரை கைப்பிடியை விடாமல் இருப்பது நம் வேலை. கத்தினால் கத்தட்டும்.

செல்வம் ஓடிப்போய்ப் பெரிய சிஸ்டரைக் கூட்டிவந்தான். இத்தனைக்கும் அவன்தான் விட்டுவிடச் சொன்னவன். நான் கைப்பிடியை விடாததைப் பார்த்து அவனுக்கும் ஏதோ உறைத்திருக்கும். சிஸ்டர் நேராகப் பட்டையை எடுத்தார். இன்னொரு கையில் தானே பார்த்தார். நகத்தை அமுக்கிவிட்டு நிறம் திரும்புகிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தார். அது மெல்லத்தான் திரும்பியது.

"ஏனுங்க கண்ணு, காலையில இருந்து ஒண்ணுக்குப் போனீங்களா?"

சமீமா யோசித்துவிட்டு இல்லை என்று தலையாட்டினாள்.

"அண்ணா காதுல விழுந்தது சரிதானுங்க" என்றார் சிஸ்டர், பாயைப் பார்த்து. "பாப்பா இன்னைக்கு எங்கயும் போகக் கூடாது. படுக்க வைங்க, கால உசத்தி வைங்க. நான் டாக்டரக் கூப்பிடறேன்."

டாக்டர் தியேட்டர் உடையிலேயே வந்தார். வந்ததும் எல்லாம் மளமளவென்று நடந்தது. கையில் ஊசி, பாட்டில், ரத்தப் பரிசோதனை. அவர் பாயைத் தோளில் தட்டி ஓரமாக நிறுத்திப் பேசியது எனக்கும் கேட்டது.

"பாய், டெங்குவுல காய்ச்சல் அடிக்கும்போது ஆபத்து கம்மி. விடும்போதுதான் கண்டம். இன்னைக்கும் நாளைக்கும் தாண்டிட்டா புள்ள உங்க புள்ள."

"வீட்டுல வெந்நீரு கொதிக்குது டாக்டர். தலைக்கு ஊத்தலாம்னு..." என்றார் அவள் அம்மா. அவருக்கு வேறு என்ன சொல்வதென்று தெரியவில்லை.

டாக்டர் அவர் பக்கம் திரும்பினார். "உடம்பு குழாயை இறுக்கிப் பிடிச்சுத்தாம்மா நின்னுக்கிட்டு இருக்கு. வெந்நீர் பட்டா அந்தப் பிடி தளர்ந்துரும். தண்ணிய இறக்கி வைக்கச் சொல்லுங்க."

அந்த அம்மா போனை எடுத்தார். அவசரத்தில் எண் தவறிப்போயிற்று. பாய்தான் வாங்கி, "அடுப்ப அமத்து" என்று மட்டும் சொல்லிவிட்டு வைத்தார். 

கன்னிவாடிக்காரர் மனைவிக்கு எக்ஸ்ரே அறைக்குப் பக்கத்தில் ஒரு கட்டிலைப் போட்டுக்கொடுத்தோம். அந்த மனிதர் சமீமாவின் கட்டிலடியிலிருந்து தூக்குவாளியைத் தானே வந்து எடுத்துக்கொண்டு, "புள்ள பொழச்சுக்கிரும் பாய்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

பிறகு நாள் முழுக்க எனக்கு ஒரே வேலை. பார்ப்பது, இரண்டு எண்ணையும் சொல்வது, மறுபடி பார்ப்பது. பாட்டிலைத் திறந்துவிட்டால் போதும் என்று நினைக்காதீர்கள். குறைவாய் ஏற்றினாலும் ஆபத்து, அதிகமாய் ஏற்றினால் நுரையீரலில் தண்ணீர் கோத்துக்கொள்ளும். அதனால் டாக்டர் ஏற்றுகிற வேகத்தை இடைவெளியைப் பார்த்துப் பார்த்துத்தான் மாற்றினார். ஒரு முறை பார்த்தால் ஆள் நிற்கிற இடம் தெரியும். திரும்பத் திரும்பப் பார்த்தால்தான் எந்தப் பக்கம் நடக்கிறார் என்று தெரியும். பதினாலு பதினெட்டாயிற்று. பிறகு கொஞ்ச நேரம் அதே இடத்தில் நின்று எங்களைப் பதறவைத்தது. அப்புறம் இருபத்தாறு. மதியம் முப்பதைத் தொட்டபோது சிஸ்டர் என்னைப் பார்த்துக் கண்ணால் சிரித்தார்.

அந்த நேரத்தில்தான் பாய் மெதுவாகக் கேட்டார். "சிஸ்டர், காலைல எனக்குப் பாத்தாகல்ல. மேல நூத்தியெழுபது, கீழ எம்பது. நடுவுல தொண்ணூறு இருக்கு. எனக்கு அம்புட்டு இடைவெளி இருக்கே, அப்ப நான் கெட்டியாத்தானே இருக்கேன்?"

சிஸ்டருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "உங்களுக்கு அவ்வளவு இருக்கக் கூடாதுங்க. வயசாக ஆகக் குழாய் விறைச்சுப் போகும். அப்ப மேல் நம்பர் எகிறும், இடைவெளி அகலமாயிரும். அதுவும் நல்லதுக்கில்ல. பாப்பா தேறுனதும் நீங்க டாக்டரப் பாருங்க."

"சுருங்குனாலும் தப்பு, விரிஞ்சாலும் தப்பா? நம்ம தோல் சரக்கு மாதிரியில்ல இருக்கு" என்றார் பாய். அடுப்பை அமத்தச் சொன்ன பிறகு அவர் பேசிய முதல் வேடிக்கை அது. மனைவியைப் பார்த்தார். அந்த அம்மாவுக்குச் சிரிப்பு வரவில்லை. காலையிலிருந்து அவர் மகளின் காலைப் பிடித்தபடியே உட்கார்ந்திருந்தார்.

வெயில் தாழ்ந்தபோது சமீமா பாத்ரூம் போக வேண்டும் என்றாள். எழுந்திருக்கக் கூடாது என்று சொல்லி, படுக்கையிலேயே பாத்திரம் வைத்துத் திரை போட்டார்கள். திரைக்குப் பின்னாலிருந்து பெரிய சிஸ்டர் வந்து, "நல்லாப் போயிருக்குங்க" என்று அளவுப் பாத்திரத்தைத் தூக்கிக் காட்டியபோது செல்வம் கை தட்டினான். மூத்திரத்துக்குக் கை தட்டுகிற தொழில் நம்முடையது. இதற்கு வெட்கப்பட்டால் வேறு வேலை பாருங்கள்.

கடைசியாக ஒரு தடவை பார்த்தேன். நூற்றிப்பத்து, கீழே எழுபத்திரண்டு. சொல்லிவிட்டு ஸ்டெதஸ்கோப்பைக் கழுத்திலிருந்து எடுக்கும்போது அந்த அம்மா திடுக்கிட்டு எழுந்தார்.

"யா அல்லா! சிஸ்டர், இங்க வாங்களேன். புள்ள கால் சுடுது. காய்ச்சல் திரும்பிருச்சு!"

சிஸ்டர் வந்து சமீமாவின் பாதத்தில் கை வைத்தார். நெற்றியிலும் வைத்தார். என்னையும் தொடச் சொன்னார். காலையில் ஜில்லென்று இருந்த பாதம் இப்போது இளஞ்சூடாக, காய்ந்து இருந்தது. நெற்றியில் காய்ச்சல் இல்லை.

"இது காய்ச்சல் இல்லீங்கம்மா" என்றார் சிஸ்டர். "ரத்தம் கால் வரைக்கும் வந்து சேந்திருச்சு."

அந்த அம்மாவுக்கு நம்பிக்கை வர நேரம் பிடித்தது. பாய் வந்து இன்னொரு பாதத்தைத் தொட்டுப் பார்த்தார். கையை எடுக்கவில்லை. இருவரும் ஆளுக்கொரு காலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள்.

"கூசுதுத்தா, விடுங்க" என்றாள் சமீமா.

யாரும் விடவில்லை. நான் டீ குடிக்கப் போனேன்.